என்எஃப்எல் ஜிஎம் ஆக எது வழி: ஸ்கவுட்டிங்கா, ஒப்பந்தக் கணக்கா?

கேள்வி:
என்எஃப்எல் எனும் அமெரிக்கக் கால்பந்து லீக்கின் அணிகளில் ஜெனரல் மேனேஜர் (ஜிஎம், அணிக்கு ஆட்டக்காரர்களைத் தேர்ந்து சேர்க்கும் நிர்வாகி) ஆகிறவர்கள் எந்த வேலையில் தொடங்கி மேலே வருகிறார்கள்? ரேவன்ஸ் அணியின் ஜிஎம்மாக இருந்த ஆஸி நியூசம், ஹால் ஆஃப் ஃபேம் கௌரவம் பெற்ற முன்னாள் ஆட்டக்காரர் (டைட் எண்ட் இடத்தில் ஆடியவர்). ஈகிள்ஸ் அணியின் ஹோவி ரோஸ்மன் சட்டம் படித்தவர். இருவருமே சூப்பர் பௌல் (லீக்கின் இறுதிப் போட்டி) வென்ற அணிகளைக் கட்டியவர்கள். அப்படியென்றால் எந்தப் பாதை? சேலரி கேப் (ஓர் அணியின் வருஷச் சம்பளக் கணக்குக்கான உச்சவரம்பு) விஷயத்தில் எங்கே சறுக்குகிறது என்பதையும் எண்களோடு விளக்க முடியுமா?

பதில் 1:
பெரும்பாலானவர்கள் வந்தது ஸ்கவுட்டிங் (ஆட்டக்காரர்களைப் பார்த்து மதிப்பிடும் வேலை) வழியாகத்தான். முதல் படி ஸ்கவுட்டிங் அசிஸ்டென்ட்: வீடியோ பிரித்து வைப்பது, அறிக்கைகளைப் பதிவது, சோதனைக்கு வரும் ஆட்டக்காரரை விமான நிலையத்திலிருந்து அழைத்து வருவது. அடுத்து ஏரியா ஸ்கவுட். ஒரு வட்டாரத்துக் கல்லூரிகள் முழுக்க அவர் பொறுப்பு. ஆகஸ்ட் முதல் நவம்பர் வரை பயணம்தான். பயிற்சியைப் பார்க்கணும், பயிற்சியாளர்களிடமும் காயங்களைக் கவனிப்பவர்களிடமும் பேசணும், அன்றைக்கே அறிக்கை எழுதணும். பிறகு இண்டியானாபொலிஸில் கம்பைன் (எல்லா அணிகளும் பார்க்கும் பொதுச் சோதனை), மார்ச்சில் ப்ரோ டே (கல்லூரியிலேயே நடக்கும் சோதனை), ஏப்ரல் கடைசியில் டிராஃப்ட் (கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் முறை வைத்துத் தேர்ந்தெடுப்பது).

புதியவர்கள் கெடுத்துக்கொள்வது ஒரே இடத்தில்: தப்பாகிவிடுமோ என்று எல்லாருக்கும் நடுத்தர மதிப்பீடு போடுவது. ஏழு சுற்றில் யாரை முன்னால் எடுப்பது என்று தீர்மானிக்க அந்த அறிக்கை உதவவே உதவாது. முதலில் கிரேடை எழுதுங்கள், பிறகு மற்றவர்கள் சொல்வதைக் கேளுங்கள்.

ஸ்கவுட்களின் ஒப்பந்தம் பொதுவாக டிராஃப்ட் முடிந்ததும் முடியும். அதனால் மே மாதம்தான் ஆள் மாறும் காலம். எரிக் டிகோஸ்டா 1996-ல் ரேவன்ஸில் கீழ்ப்படியில் சேர்ந்து 2019-ல் ஜிஎம் ஆனார். அதே அணியில் 23 வருஷம்! அவசரப்படுகிறவர்களுக்கான பாதை இல்லை இது.

பதில் 2:
கேப் பக்கம் நான் சொல்கிறேன். 2025-ல் உச்சவரம்பு 27.92 கோடி டாலர். சைனிங் போனஸ் (ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டதற்குத் தரும் தொகை) ஆட்டக்காரர் கைக்கு உடனே போகும். கேப் கணக்கில் மட்டும் அதிகபட்சம் 5 வருஷத்துக்குச் சமமாகப் பிரியும். 4 வருஷ ஒப்பந்தம், 2 கோடி போனஸ் என்றால் வருஷத்துக்கு 50 லட்சம். முதல் வருஷத்துக்குப் பிறகு அவரை வெளியே அனுப்பினால் மிச்சம் 1.5 கோடியும் ஒரேயடியாக வந்து விழும். இதுதான் டெட் மனி.

ரீஸ்ட்ரக்சர் (ஒப்பந்தத்தை மாற்றியமைப்பது) செய்வதும் இதே கணக்குதான். 4 வருஷம் மிச்சமுள்ள ஒருவரின் இந்த வருஷச் சம்பளத்தில் 1.2 கோடியை போனஸாக மாற்றினால் இன்றைக்கு 90 லட்சம் இடம் கிடைக்கும், அடுத்த 3 வருஷமும் 30 லட்சம் ஏறும். வயதான ஆட்டக்காரருக்கு இதை வருஷா வருஷம் செய்தால் வெளியே அனுப்பவே முடியாத நிலை வரும். டென்வர் அணி 2024-ல் ரஸ்ஸல் வில்சன் என்ற ஆட்டக்காரரை வெளியே விட்டபோது இரண்டு வருஷத்தில் சுமந்த டெட் மனி சுமார் 8.5 கோடி.

ஜூன் 1-க்குப் பிறகு விட்டால் அந்தச் சுமை இரண்டு வருஷத்துக்குப் பிரியும். மார்ச்சிலேயே விட்டு, ஜூன் 1 கணக்கு என்று குறிக்கவும் வழி உண்டு.

பதில் 3:
மேலே சொன்னதில் ஒரு திருத்தம் தேவை. ஜூன் 1 கணக்கு என்று குறிப்பது வருஷத்துக்கு 2 பேருக்குத்தான். ட்ரேடுக்கு (ஆட்டக்காரரை வேறு அணிக்கு மாற்றிக் கொடுப்பதற்கு) அது கிடையாது, நிஜமாகவே ஜூன் 1 தாண்டணும். இன்னொன்று, குறித்தாலும் ஜூன் 2 வரை அவருடைய முழுத் தொகையும் கணக்கிலேயே நிற்கும். மார்ச் மாத ஃப்ரீ ஏஜென்ஸியில் (ஒப்பந்தம் முடிந்தவர்களை அணிகள் எடுக்கும் காலத்தில்) அந்தப் பணத்தைச் செலவழிக்க முடியாது.

பாதை பற்றி: எந்தப் பக்கத்திலிருந்து வந்தாலும் மறுபக்கத்தைக் கற்றே ஆகணும். ரோஸ்மன் 2000-ல் ஈகிள்ஸில் கேப் வேலைக்குச் சேர்ந்து, ஸ்கவுட்டிங்கைப் பிறகு கற்று, 2010-ல் ஜிஎம் ஆனார்.

பதவிப் பெயரை வைத்தும் எடை போடாதீர்கள். நியூசம் ஜிஎம் ஆனது 2002-ல். ஆனால் 1996 டிராஃப்டில் 4-வதாக ஜானதன் ஆக்டனையும் 26-வதாக ரே லூயிஸையும் எடுத்தபோதே ஆட்டக்காரர் தேர்வு அவர் பொறுப்பில்தான் இருந்தது. ரோஸ்மனுக்கு 2015-ல் நேர்மாறு: பதவி உயர்ந்தது, தேர்வு அதிகாரம் தலைமைப் பயிற்சியாளர் சிப் கெல்லிக்குப் போனது. கெல்லி நீக்கப்பட்ட பிறகே அது திரும்பியது. ஆகவே நேர்காணலுக்குப் போகிறவர் கேட்டு, ஒப்பந்தத்தில் எழுதி வாங்க வேண்டியது ஒன்று: 53 பேர் கொண்ட அணிப் பட்டியலில் கடைசி முடிவு யாருடையது, டிராஃப்டில் யாருடையது. இரண்டும் வேறு வேறு ஆட்களிடம் இருக்கிற அணிகளும் உண்டு.