ஜானி செக்ஸ்டன் 38 வயதுவரை ஆடியது எப்படி? அயர்லாந்து ரக்பி ஒப்பந்தங்கள் பற்றிச் சில சந்தேகங்கள்

நீலவானம் (கேள்வி)

2023 உலகக் கோப்பைக் காலிறுதியில் அயர்லாந்து நியூசிலாந்திடம் 24-28 எனத் தோற்ற அன்றோடு ஜானி செக்ஸ்டன் விடைபெற்றார். அப்போது வயது 38. நாட்டுக்காக 118 ஆட்டம், 1,108 புள்ளி. எதிரணித் தடியர்கள் எல்லாரும் குறிவைத்து மோதுகிற பத்தாம் எண் (ஆட்டத்தை இயக்கும் ஃப்ளை-ஹாஃப்) இடத்தில் ஒருவர் இத்தனை காலம் தாக்குப்பிடித்தது எப்படி?

அவரைப் பற்றிப் படிக்கும் இடத்திலெல்லாம் "சென்ட்ரல் கான்ட்ராக்ட்" என்று வருகிறது. சாதாரண கிளப் ஒப்பந்தத்துக்கும் இதற்கும் என்ன வேறுபாடு? 2013-ல் அவர் பாரிஸுக்குப் போனதையும் 2015-ல் திரும்பி வந்ததையும் ஏன் இவ்வளவு பெரிதாகப் பேசுகிறார்கள்? ஓய்வு பெற்றால் கட்டிய வருமான வரி திரும்பக் கிடைக்கும் என்பது உண்மையா? விவரம் தெரிந்தவர்கள் கொஞ்சம் விரிவாகச் சொல்லுங்கள்.

பத்தாம் எண்

சம்பளம் யார் தருகிறார்கள் என்பதைப் பிடித்துக்கொண்டால் மற்றதெல்லாம் தானாக விளங்கும்.

ரக்பி யூனியனில் காசு வாங்கிக்கொண்டு ஆடலாம் என்று ஆனதே 1995 ஆகஸ்டில்தான். உடனே அயர்லாந்தின் நல்ல வீரர்கள் பலர் இங்கிலாந்து கிளப்புகளுக்குப் போய்விட்டார்கள். அவர்களைத் திருப்பிக் கொண்டுவர அயர்லாந்து ரக்பி சங்கம் (ஐஆர்எஃப்யூ) புதிதாக கிளப்புகளைத் தொடங்கவில்லை. ஏற்கெனவே இருந்த லீன்ஸ்டர், மன்ஸ்டர், அல்ஸ்டர், கானாக்ட் என்ற நான்கு மாகாண அணிகளையே தொழில்முறை அணிகளாக்கியது. நான்கும் சங்கத்தின் கிளைகள். பிரான்சில் இருப்பதுபோல அணிக்கு ஒரு தனி முதலாளி கிடையாது.

வீரர் ஏறும் படி இப்படிப் போகும்: முதலில் மாகாண அகாடமி, வழக்கமாக மூன்று ஆண்டுவரை. அடுத்து டெவலப்மென்ட் ஒப்பந்தம். அதன் பிறகு மாகாணத்தின் சீனியர் ஒப்பந்தம். எல்லாவற்றுக்கும் மேலே தேசிய ஒப்பந்தம். நீங்கள் கேட்ட சென்ட்ரல் கான்ட்ராக்ட் இதுதான். நான்கு மாகாணத்திலும் சேர்த்து வெகு சிலருக்கே அது கிடைக்கும். செக்ஸ்டன் காலத்தில் அந்தச் சம்பளம் முழுவதையும் சங்கமே கொடுத்தது. அண்மையில்தான் மாகாணமும் ஒரு பங்கு போட வேண்டும் என்று மாற்றினார்கள்.

இதில் பணத்தைவிட முக்கியம் நிமிடக் கணக்கு. சம்பளம் கொடுப்பவரும் தேசிய அணியை நடத்துபவரும் ஒருவரே என்பதால், எந்த வாரம் ஆடலாம், எப்போது ஓய்வு, கோடையில் எத்தனை வாரம் விடுமுறை என்பதைச் சங்கம் சொல்ல முடியும். நவம்பர் சர்வதேச ஆட்டங்கள் முடிந்த கையோடு முன்னணி வீரர் லீக் ஆட்டத்தில் காணாமல் போவதற்குக் காயம்தான் காரணமாக இருக்க வேண்டும் என்பதில்லை. பல நேரம் அது திட்டமிட்ட ஓய்வு.

பிரான்சில் நிலைமை நேர் எதிர். கிளப் தன் காசைப் போடுகிறது, ஆளை ஒவ்வொரு வாரமும் களத்தில் பார்க்க நினைக்கிறது. அதில் தவறு சொல்ல முடியாது. ஆனால் டாப் 14 லீக்கில் முதல் கட்டமே 26 சுற்று. அயர்லாந்து மாகாணங்கள் ஆடும் யுஆர்சி லீக்கில் இப்போது 18. இதற்கு மேல் ஐரோப்பியக் கோப்பை, ஆண்டுதோறும் ஆறு ஐரோப்பிய நாடுகள் மோதும் சிக்ஸ் நேஷன்ஸில் 5 ஆட்டம், நவம்பரில் மூன்று நான்கு, கோடைச் சுற்றுப்பயணம். செக்ஸ்டன் 2013 ஜூலை 6 அன்று சிட்னியில், பிரிட்டன், அயர்லாந்து வீரர்கள் சேர்ந்த லயன்ஸ் அணியின் மூன்றாவது டெஸ்டை ஆடி முடித்தார். ஆகஸ்டில் டாப் 14 தொடங்கிவிட்டது. உடம்பு ஆற இடைவெளி எங்கே இருந்தது என்று நாள்காட்டியைப் பார்த்தாலே தெரியும்.

இன்னொன்று. வெளிநாட்டில் ஆடுபவரைத் தேசிய அணிக்கு எடுப்பதில்லை என்பது அயர்லாந்தின் எழுதாத விதி. செக்ஸ்டன் விதிவிலக்கு; பாரிஸின் ராசிங் கிளப்பில் இருந்தபடியே 2014, 2015 சிக்ஸ் நேஷன்ஸ் பட்டங்களை வென்றார். சைமன் ஸீபோ 2018-ல் அதே ராசிங் கிளப்புக்குப் போனபோது அந்தச் சலுகை கிடைக்கவில்லை. 2015-ல் செக்ஸ்டன் தேசிய ஒப்பந்தத்தில் திரும்பியது பேச்சானதற்குக் காரணம் இதுதான்: 30 வயதில் ஒரு பத்தாம் எண்ணை வாங்கி, அடுத்த உலகக் கோப்பைகள்வரை அளந்து அளந்து பயன்படுத்தலாம் என்று சங்கம் முடிவெடுத்தது. 2018-ல் கிராண்ட் ஸ்லாம் (சிக்ஸ் நேஷன்ஸின் ஐந்து ஆட்டத்தையும் வெல்வது), அதே ஆண்டு உலகின் சிறந்த வீரர் விருது, 2022-ல் நியூசிலாந்து மண்ணில் தொடர் வெற்றி, 2023-ல் இன்னொரு கிராண்ட் ஸ்லாம் எல்லாம் அதன் பிறகு வந்தவை.

முன்வரிசை

மேலே சொன்னது சரி. ஆனால் செக்ஸ்டனை மட்டும் அளவுகோலாக வைத்துக்கொண்டால் படம் கோணலாகிவிடும். அவர் டப்ளின் செயின்ட் மேரிஸ் கல்லூரிப் பள்ளியில் படித்தவர். கட்டணப் பள்ளி, லீன்ஸ்டர் ஸ்கூல்ஸ் சீனியர் கப், அங்கிருந்து அகாடமி என்பதுதான் லீன்ஸ்டரின் பெரிய வாசல். அப்படி வந்தும் அவர் காத்திருந்தார். 2006-ல் லீன்ஸ்டர் சீனியர் அணியில் முதல் ஆட்டம். பிறகு மூன்று ஆண்டு, அப்போதைய பத்தாம் எண் ஃபெலிப்பே கொன்தெப்போமிக்குப் பின்னால் பெஞ்ச். 2009 மே 2 அன்று குரோக் பார்க்கில் மன்ஸ்டருடன் ஹைனெகன் கோப்பை (ஐரோப்பிய கிளப்புகளுக்கானது, இன்றைய சாம்பியன்ஸ் கோப்பை) அரையிறுதி, 82,208 பேர் கூட்டம். கொன்தெப்போமி முழங்காலைப் பிடித்துக்கொண்டு வெளியேற, உள்ளே போனவர் செக்ஸ்டன். அந்த மாதமே கோப்பை கையில். இரண்டு ஆண்டு கழித்து அதே கோப்பையின் கார்டிஃப் இறுதியாட்டத்தில் நார்தாம்ப்டனிடம் 6-22 எனப் பின்தங்கி 33-22 என்று வென்றார்கள். அந்த 33-ல் 28 செக்ஸ்டனுடையது.

இன்னொரு வாசல் ஊர் கிளப்பின் இளையோர் அணி. தாக் ஃபர்லாங் வந்தது அந்த வழி: வெக்ஸ்ஃபர்டில் கேம்பைல் என்ற சிற்றூர், நியூ ராஸ் கிளப். டைட்ஹெட் ப்ராப், அதாவது ஸ்க்ரம் என்ற கூட்டுத் தள்ளலில் முன்வரிசையின் வலப்பக்கம் நிற்பவர், மூன்றாம் எண். 2017, 2021, 2025 என மூன்று லயன்ஸ் தொடரிலும் எல்லா டெஸ்டிலும் தொடக்க அணியில் நின்றவர்.

ப்ராப்புக்குக் காலம் கூடுதலாகப் பிடிக்கும். 19 வயதுக்குக் கீழ்ப்பட்ட ஆட்டத்தில் ஸ்க்ரம்மை ஒன்றரை மீட்டருக்கு மேல் தள்ளக் கூடாது என்று விதி. அகாடமிக்கு வந்த பிறகுதான் எல்லையில்லாத தள்ளலைப் பையன் முதன்முதலாகச் சந்திக்கிறான். அதிலும் டைட்ஹெட் தலை இரண்டு எதிரிகளுக்கு நடுவே மாட்டியிருக்கும். எதிரணியின் லூஸ்ஹெட்டும் (இடப்பக்க ப்ராப்) ஹூக்கரும் (முன்வரிசையின் நடுவில் நிற்பவர்) இரு பக்கமும் அழுத்துவார்கள். கழுத்து, இடுப்பு, தோள்பட்டை மூன்றும் அதற்குப் பழகச் சில ஆண்டுகள் ஆகும். இங்கே நடக்கும் பெரிய தவறு, எடையை அவசரமாக ஏற்றுவது. ஜிம்மில் 120 கிலோவைத் தொட்டுவிடலாம். கணுக்காலும் இடுப்பும் வளையாவிட்டால் ஸ்க்ரம்மில் முதுகு வளைந்துபோகும், பிட்டம் மேலே எழும், நடுவர் பெனால்டி கொடுப்பார். அகாடமிப் பையன்களை வார இறுதியில் அனைத்து அயர்லாந்து லீக் கிளப்புகளுக்கு ஆட அனுப்புவதன் பயன் இதுதான். 30 வயது அமெச்சூர் ப்ராப்பிடம் வாங்கும் இடி எந்த எந்திரத்திலும் கிடைக்காது.

இதற்கு ஒரு நன்மையும் உண்டு. ஆட்டநாள் அணி 23 பேர். மாற்று ஆட்களில் முன்வரிசையின் மூன்று இடத்துக்கும் பயிற்சி பெற்றவர் கட்டாயம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் பாதுகாப்பு கருதி ஸ்க்ரம்மில் தள்ளலே கிடையாது. ஆகவே 18-ஆம் எண் சட்டை ஒரு தனி வேலை. இரண்டாம் டைட்ஹெட்டுக்கு வாரா வாரம் இருபது முப்பது நிமிடம் உறுதி. இரண்டாம் பத்தாம் எண்ணுக்கு அப்படி எந்த உறுதியும் இல்லை.

நீலவானம்

அப்படியானால் செக்ஸ்டனுக்குப் பின்னால் லீன்ஸ்டரில் காத்திருந்தவர்கள் என்ன செய்தார்கள்? தலைக்காயம் பற்றியும் யாராவது சொல்லுங்கள். அவர் பல மாதம் ஆடாமல் இருந்ததாகப் படித்தேன்.

மேற்குக் கரை

காத்திருப்பவர்களின் பக்கம் இருந்து பார்த்தால் இந்த அமைப்பு அவ்வளவு இனிமையானது அல்ல, அதை நேராகச் சொல்லிவிட வேண்டும். தேசிய ஒப்பந்தங்களில் பெரும்பங்கு லீன்ஸ்டருக்கே போவதால் மற்ற மூன்று மாகாணமும் தங்கள் பட்ஜெட்டில் திணறுகின்றன.

ஜோயி கார்பெரி 2018-ல் ஆட்ட நிமிடம் தேடி லீன்ஸ்டரிலிருந்து மன்ஸ்டருக்கு மாறினார். காயங்கள் அடுத்தடுத்து வந்தன. 2024-ல் போர்தோ கிளப்புக்குப் போய்விட்டார். போனதும் தேசிய அணிக் கதவு மூடியது. ராபி ஹென்ஷா 2016-ல் கானாக்டிலிருந்து லீன்ஸ்டருக்குப் போனார். ஒரு மாகாணம் வளர்த்த வீரர் இன்னொன்றுக்குப் போகும்போது கால்பந்து டிரான்ஸ்ஃபர் போலப் பெருந்தொகை கைமாறுவதில்லை. வளர்த்தவருக்கு அது பெரிய இழப்பு.

லாக் (ஸ்க்ரம்மின் இரண்டாம் வரிசை) ஆடும் தாக் பர்ன் தான் நல்ல உதாரணம். லீன்ஸ்டர் அவரை 2016-ல் விட்டுவிட்டது. வேல்ஸின் ஸ்கார்லெட்ஸில் சேர்ந்து, 2017-ல் லீக் பட்டம் வென்று, 2018-ல் மன்ஸ்டருக்கு வந்து, அதே கோடையில் அயர்லாந்து அணி. 2025 லயன்ஸ் தொடரின் சிறந்த வீரர் அவரே. 24 வயதில் வேண்டாம் என்று சொல்லப்பட்ட லாக் அல்லது ப்ராப்பைப் பற்றி முடிவு கட்டிவிடக் கூடாது. ஸ்க்ரம்மில் தள்ளும் முன்கள ஆட்டக்காரர்கள் தாமதமாகத்தான் பழுக்கிறார்கள்.

மைதான ஓரம்

தலைக்காயம்: 2014 இறுதியில், ஓராண்டுக்குள் அடுத்தடுத்து வந்த மூளை அதிர்ச்சிகளுக்குப் பிறகு, பிரெஞ்சு நரம்பியல் மருத்துவர் செக்ஸ்டனை 12 வாரம் ஆட வேண்டாம் என்று நிறுத்தினார். அந்தக் கெடுவுக்குள் வந்ததால் 2015 சிக்ஸ் நேஷன்ஸின் முதல் ஆட்டமான இத்தாலி போட்டியை விட்டுவிட்டார். அடுத்த வாரம் டப்ளினில் பிரான்சுடன் வந்து ஐந்து பெனால்டி அடித்தார்; 18-11.

அவர் ஏன் அதிகம் அடிபட்டார் என்றால் ஆட்டமுறை அப்படி. பந்தை எதிரியின் மூக்குவரை கொண்டுபோய்த்தான் கை மாற்றுவார். மாற்றிய கையோடு, வாங்கியவரைச் சுற்றி ஓடி மீண்டும் வாங்கிக்கொள்வார். இதனால் எதிரணியின் தடுப்புவரிசை தடுமாறும். ஆனால் பந்து போன பிறகு வரும் மோதல் அவர்மேல் விழும். தடுக்கும்போதும் நிமிர்ந்து நின்று தடுப்பார், தலை எதிரியின் தோளுக்கு நேராக இருக்கும்.

இப்போதைய நடைமுறை: சந்தேகம் வந்தால் வெளியே எடுத்து 12 நிமிடச் சோதனை. ஆட்டம் முடிந்து மூன்று மணி நேரத்துக்குள் இரண்டாவது, 36 முதல் 48 மணி நேரத்துக்குள் மூன்றாவது. நினைவு தப்புதல், கால் தள்ளாடுதல் போன்ற தெளிவான அறிகுறி தெரிந்தால் சோதனையே கிடையாது, அன்றைய ஆட்டம் முடிந்தது. முன்பே மூளை அதிர்ச்சி வரலாறு உள்ளவர் குறைந்தது 12 நாள் கழித்தே திரும்ப முடியும். 2024 முதல் பல்காப்பிலேயே உணரி வைத்திருக்கிறார்கள். மோதலின் முடுக்கம் குறித்த அளவைத் தாண்டினால் களத்தோர மருத்துவருக்குத் தகவல் போகும். ஏமாற்ற நினைப்பவர்கள் சிக்குவது மூன்றாவது சோதனையில்தான், ஏனென்றால் அறிகுறி பலருக்கு ஒருநாள் தள்ளியே தெரியும்.

கடைசி உலகக் கோப்பைக்கு அவர் நீண்ட இடைவெளிக்குப் பிறகே வந்தார் என்பதையும் சேர்க்க வேண்டும். 2023 மார்ச் 18 அன்று இங்கிலாந்துடன் கவட்டைத் தசை கிழிந்து அறுவை சிகிச்சை. அதற்கு மேல் சாம்பியன்ஸ் கோப்பை இறுதிக்குப் பின் நடுவர் குழுவிடம் நடந்துகொண்ட முறைக்காக மூன்று ஆட்டத் தடை. செப்டம்பர் 9 அன்று ருமேனியாவுடன் நேராக உலகக் கோப்பையில் இறங்கி 24 புள்ளி. அடுத்த வாரம் டோங்காவுடன், அயர்லாந்தின் முந்தைய பத்தாம் எண் ரோனன் ஓகாராவின் 1,083 புள்ளிச் சாதனையைக் கடந்தார்.

எல்லாருக்கும் இப்படி முடிவதில்லை. டான் லீவி 2018 கிராண்ட் ஸ்லாம் அணியில் இருந்தவர். 2019 மார்ச்சில் முழங்கால் சிதைந்தது, 2022-ல் 27 வயதில் ஓய்வு. ஒப்பந்தத்தைக் கையில் வாங்கியதும் சம்பள எண்ணுக்கு முன்னால் படிக்க வேண்டியது, காயத்தால் ஆட முடியாமல் போனால் எத்தனை மாதம் சம்பளம் ஓடும் என்ற பிரிவை. வீரர் சங்கமான ரக்பி பிளேயர்ஸ் அயர்லாந்து படிப்பு, மாற்றுத் தொழில் பற்றி ஆலோசகர்களை வைத்திருக்கிறது. அகாடமி முதல் ஆண்டிலேயே அவர்களிடம் போவது நல்லது.

வரவு செலவு

வரி பற்றிக் கேட்டது உண்மைதான். அயர்லாந்து வரிச் சட்டத்தின் 480ஏ பிரிவு, 2002-ல் வந்தது. ரக்பி உட்பட அதில் பட்டியலிட்ட விளையாட்டுகளின் தொழில்முறை வீரர்களுக்கு மட்டும் பொருந்தும்.

கணக்கு: ஓய்வு பெறும் ஆண்டையும் சேர்த்து 15 ஆண்டுகளில் ஏதாவது 10 ஆண்டைத் தேர்ந்தெடுக்கலாம். ஒவ்வோர் ஆண்டும் ஆடிச் சம்பாதித்த மொத்தத்தில், செலவு கழிப்பதற்கு முன், 40 சதவீதம் கழிவு. ஓர் ஆண்டில் 1,00,000 யூரோ என்றால் 40,000 கழிவு. அது முழுக்க 40 சதவீத வரிப்படியில் விழுந்தால் திரும்ப வருவது 16,000. பத்து ஆண்டு அதே சம்பளம் என்றால் 1,60,000.

தவறு நடக்கும் இடங்கள் மூன்று. சம்பளம், ஆட்டப் படி, பரிசுத்தொகை மட்டுமே கணக்கில் வரும். ஷூ விளம்பரமும் பேச்சுக் கட்டணமும் வராது. எனவே ஆண்டுதோறும் இரண்டையும் தனித்தனியே பதிந்து வைக்க வேண்டும், பத்து ஆண்டு கழித்துத் தேடினால் ரசீது இருக்காது. வெளிநாட்டில் வரி கட்டிய ஆண்டுக்கு அயர்லாந்து எதையும் திருப்பித் தராது. ஆனால் 15-ல் 10 என்பதால் நடுவே இரண்டு ஆண்டு பிரான்சில் ஆடியவருக்கும் பத்து தேறிவிடும். ஓய்வு பெறும் ஆண்டில் எந்த நாட்டில் குடியிருக்கிறார் என்பதும் நிபந்தனை: அயர்லாந்தோ ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதி நாடோ சுவிட்சர்லாந்தோ பிரிட்டனோ ஆக இருக்க வேண்டும். கடைசிப் பருவத்தை ஜப்பானில் ஆடி அங்கேயே முடித்துக்கொள்ள நினைப்பவர் முதலில் இதைக் கணக்காளரிடம் கேட்க வேண்டும்.

நீலவானம்

எல்லாருக்கும் நன்றி. கடைசியாக ஒன்று: வரியைத் திரும்ப வாங்கிய பிறகு பயிற்சியாளராக வேலை பார்க்கலாமா? 2025 லயன்ஸ் பயிற்சிக் குழுவில் செக்ஸ்டன் இருந்தாரே.

வரவு செலவு

தாராளமாகப் பார்க்கலாம். பயிற்சியாளர் சம்பளம் ஆட்ட வருமானம் அல்ல, அதற்கு வழக்கமான வரிதான். ஆனால் மனம் மாறி மீண்டும் காசுக்கு ஆட வந்தால் கொடுத்த சலுகையை வரித்துறை திரும்ப எடுத்துக்கொள்ளும். ஆகவே கடைசி ஒப்பந்தம் முடிந்த மறுநாளே விண்ணப்பம் போட வேண்டியதில்லை. மூன்று மாத மாற்று ஆளாக ஏதாவது கிளப் கூப்பிடுமா என்று பார்த்து, இனி பூட்ஸ் போடப் போவதில்லை என்பது உறுதியான பிறகு போடுங்கள்.