கில்லட்டின் வலியைக் குறைத்ததா, சாவைக் கூட்டியதா?

இளமாறன்:
தலையை வெட்டும் இயந்திரமான கில்லட்டின் என்றாலே ரத்தவெறி என்று முகம் சுளிக்கிறார்கள். அதற்கு முன் பிரான்சில் என்ன நடந்தது? பிரபு குற்றம் செய்தால் வாளால் ஒரே வெட்டு. ஏழைக்குத் தூக்கு, இல்லையென்றால் சக்கரத்தில் கட்டி எலும்பை முறிப்பார்கள். 1757இல் அரசரைக் கத்தியால் குத்திய தாமியானை, கைகால்களில் குதிரைகளைப் பூட்டி இழுத்துக் கிழித்தார்கள். பிரெஞ்சுப் புரட்சி தொடங்கிய 1789இல், பிறகு இந்த இயந்திரத்துக்குத் தன் பெயரைத் தந்த மருத்துவர் கில்லட்டின் தேசிய சபையில் எழுந்து, எவராயினும் ஒரே தண்டனை, அதுவும் வலியில்லாமல் என்று கேட்டார். அது பெரிய சீர்திருத்தம்தான்.

கயல்விழி:
அவர் எண்ணம் நல்லதுதான். விளைவைப் பாருங்கள். பாரிஸில் மரண தண்டனையை நிறைவேற்றி வந்த சான்சோன் 1792இல் அரசுக்கு எழுதியதில், வாளால் வெட்டுவதில் உள்ள சிக்கல்களைச் சொல்கிறார்: ஒவ்வொரு வெட்டுக்கும் பிறகு வாள் மழுங்கும், தீட்ட வேண்டும், கைதி அசையக்கூடாது, முன்னால் வெட்டப்பட்டவரின் ரத்தத்தைப் பார்த்தால் அடுத்தவர் துவண்டு விழுவார். இந்தத் தடைகளையெல்லாம் இயந்திரம் நீக்கிவிட்டது. 1794 ஜூன், ஜூலையில் பாரிஸின் கிழக்குக் கோடியில் ஒரே சதுக்கத்தில், ஆறே வாரத்தில் 1,300 பேருக்கு மேல்!

இளமாறன்:
அதற்குக் காரணம் 1794 ஜூன் 10 சட்டம். குற்றம்சாட்டப்பட்டவருக்கு வழக்கறிஞரே கிடையாது என்றது அது. அப்புறம், நாந்த் நகரில் கைதிகளைப் படகோடு லுவார் ஆற்றில் மூழ்கடித்தார்களே, அங்கே எந்த இயந்திரம் இருந்தது? லியோனில் பீரங்கியால் சுட்டார்கள். கொல்லத் துணிந்தவனுக்குக் கருவி ஒரு பொருட்டில்லை.

அன்பு:
ஒரு தகவல். இயந்திரத்தை வடிவமைத்தவர் கில்லட்டின் இல்லை. அறுவை மருத்துவர் அந்துவான் லூயி. செய்து கொடுத்தவர் ஷ்மிட் என்ற ஜெர்மானியர், ஹார்ப்சிகார்ட் இசைக்கருவி செய்பவர். 1792 ஏப்ரல் 25 அன்று முதலில் வெட்டப்பட்டவர் பெல்தியே என்ற வழிப்பறிக்காரர். இங்கிலாந்தின் ஹாலிஃபாக்ஸிலும் ஸ்காட்லாந்திலும் இதே மாதிரிக் கருவிகள் அதற்கு முன்பே இருந்தன.

கயல்விழி:
இளமாறன், நாந்த் கொடுமையை நான் மறுக்கவில்லை. ஆனால் அதை நடத்திய கரியேர் மேல் விசாரணை வந்தது, அதே 1794 டிசம்பரில் அவர் தலையும் போனது. ஆற்றில் மூழ்கடித்தது பலருக்கும் அருவருப்பாகத் தெரிந்தது. கில்லட்டினுக்கு அந்த அருவருப்பு வரவில்லை, அதனால்தான் நிலைத்தது. 1939இல் வெர்சாயில் பொது இடத்தில் ஒருவரை வெட்டியபோது கூட்டம் கூடி ரகளையானதும் என்ன செய்தார்கள்? நிறுத்தவில்லை, சிறைச் சுவருக்குள் கொண்டுபோனார்கள். மார்செய் சிறையில் 1977 செப்டம்பரில்கூட ஒருவரை வெட்டினார்கள். வலியில்லை என்ற சமாதானம் இல்லாதிருந்தால் 1981 வரை மரண தண்டனையை இழுத்திருப்பார்களா?

இளமாறன்:
தூக்கும் துப்பாக்கியும் வைத்திருந்த நாடுகள் மட்டும் சீக்கிரம் நிறுத்திவிட்டனவா என்ன?