கொல்லிமலை மிளகு: நிறம் சீராக வரவில்லை, மூட்டையில் பூஞ்சை

கேள்வி: சில்வர் ஓக் மரத்தில் ஏற்றிய கொடி. காய்ந்த மிளகு பாதி பழுப்பாக இருக்கிறது. வியாபாரி விலையைக் குறைக்கிறார். என்ன செய்யலாம் அண்ணே?

பதில் 1: கொத்தில் ஒன்றிரண்டு மணி ஆரஞ்சு நிறமானதும் பறியுங்கள் தம்பி. இளசாகப் பறித்தால் சுருங்கிச் சொத்தையாகும். உதிர்த்த மணிகளை ஓட்டைக் கூடையில் போட்டு, கொதிக்கும் நீரில் 1 நிமிடம் மட்டும் முக்கி, வடியவிட்டுப் பரப்புங்கள். தோலில் உள்ள நொதி (என்சைம்) வேலை செய்து கருப்பு சீராக ஏறும், சீக்கிரமும் காயும். கூடுதல் நேரம் விட்டால் நொதியே செத்துவிடும், நிறம் வராது. அவசரத்தில் பலர் கெடுப்பது இங்கேதான்.

பதில் 2: பூஞ்சைக்குக் காரணம் ஈரம். மண்தரை வேண்டாம், சுத்தமான தார்ப்பாய் போதும். பனி இறங்குமுன் அள்ளி மூடுங்கள். 100 கிலோ பச்சை மிளகு காய்ந்தபின் சுமார் 33 கிலோ நிற்க வேண்டும். 40 நின்றால் பெரும்பாலும் இன்னும் காயவில்லை. ஈரப்பதம் 11 சதவீதத்துக்குள் வந்து, சூடு ஆறிய பிறகே மூட்டை கட்டுங்கள்.

பதில் 3: விற்குமுன் தூற்றிச் சொத்தையைப் பிரித்து, லிட்டர் படியில் அளந்து நிறுத்துப் பாருங்கள். 550 கிராம் வந்தால் நல்ல தரம், தைரியமாக விலை கேளுங்கள். சொத்தையைத் தனியாக விற்கலாம்.