பால் நாஷியா, ஹசிந்தோ மோலினாவா?

இரவுக்காட்சி:
ஸ்பெயினின் திகில் பட நடிகர் பால் நாஷியின் படங்களை இந்த மாதம் வரிசையாகப் பார்த்தேன். 1934இல் மாட்ரிட்டில் பிறந்தவர், பளுதூக்கும் வீரர். இயற்பெயர் ஹசிந்தோ மோலினா. 1968இல் வந்த ஓநாய் மனிதன் படத்துக்குக் கதை எழுதியது அவர்தான். அந்த வேடத்துக்கு முதலில் தேடியது ஹாலிவுட்டின் லான் சேனி ஜூனியரை. அவருக்கு உடல்நலம் சரியில்லை என்றதும், எழுதியவரே முகத்தில் முடி ஒட்டிக்கொண்டு நின்றார். அப்புறம் டைட்டிலில் கதைக்கு மோலினா, நடிப்புக்கு நாஷி என்று இரண்டு பெயர்கள். நாம் நாஷியைக் கொண்டாடுகிறோம். எனக்கு மோலினாதான் பெரியவர்.

நிழல்முகம்:
மன்னிக்கணும் நண்பரே, ஒத்துக்கொள்ள முடியவில்லை. அவருடைய நாயகன் வால்டெமார் டானின்ஸ்கி ஓநாய் மனிதன் ஆனது எப்படி? ஒரு படத்தில் திபெத்துப் பனிமனிதன் கடித்ததால். இன்னொன்றில் ஹங்கேரியின் பாத்தோரி சீமாட்டியின் சாபத்தால். வேறொன்றில் இமயமலைக் குகையில் இருந்த பெண்களால். முந்தைய படத்தில் செத்தவன் அடுத்ததில் எதுவுமே நடக்காததுபோல வருகிறான். 1973இல் வந்த ஒரு படத்தின் திரைக்கதையை ஒன்றரை நாளில் எழுதியதாக அவரே சொல்லியிருக்கிறார். பார்த்தால் தெரிகிறது.

இரவுக்காட்சி:
தொடர்ச்சி இல்லை, சரி. ஆனால் எது மாறவில்லை என்று பாருங்கள். டானின்ஸ்கிக்குத் தன் சாபம் தெரியும், சாகத்தான் ஆசைப்படுகிறான். அவனை உண்மையாக நேசிக்கிற பெண் கையால்தான் சாவு. 1971இல் வந்த 'லா நோச்சே தே வால்புர்கிஸ்' தொடக்கத்தில் இரண்டு மருத்துவர்கள் அவன் பிணத்தை அறுக்கிறார்கள். ஓநாய் மனிதனை வெள்ளிதான் கொல்லும் என்பது கதை. பேய்க்கதையெல்லாம் பொய் என்று காட்ட நெஞ்சிலிருந்து வெள்ளிக் குண்டுகளை எடுக்கிறார்கள். எடுத்ததும் எழுந்துவிடுகிறான். கடைசியில் எல்விரா வெள்ளிச் சிலுவையைக் காதலன் நெஞ்சில் இறக்க வேண்டியிருக்கிறது. இந்தத் துயரத்தை நடிப்பு மட்டும் கொண்டுவராது, எழுத்தில் இருக்க வேண்டும்.

இன்னொன்று. டானின்ஸ்கி ஏன் போலந்துக்காரன்? மோலினா முதலில் அவனை ஸ்பெயினின் அஸ்தூரியாஸ்காரனாகத்தான் எழுதினார். ஸ்பானியன் ஒருவன் ஓநாய் ஆவதைச் சர்வாதிகாரி பிராங்கோ காலத்துத் தணிக்கை ஏற்கவில்லை. சொந்த நாட்டான் என்று சொல்லவே வழியில்லாமல் எழுதிய மனிதர் அவர்.

கரிசல்வாசி:
இரவுக்காட்சி அண்ணே, நடிகரை இவ்வளவு ஒதுக்காதீர்கள். 'எல் ஹொரோபாதோ தே லா மோர்கே' (1973) பாருங்கள். கூனன் கோத்தோ பிணவறையில் வேலை செய்கிறான். அவன் மேல் பிரியமாக இருந்த நோயாளிப் பெண் இறந்துபோகிறாள். உடலைத் தூக்கிக்கொண்டு போய் நிலவறையில் வைக்கிறான். திரும்பி வந்து பார்த்தால் உடலை எலிகள் மொய்க்கின்றன. தீப்பந்தத்தோடு அவற்றின் மேல் பாயும்போது அவர் தோளையும் கழுத்தையும் கவனியுங்கள். வசனமே இல்லை. பளு தூக்கிய உடம்பு அழுகிறது.

நிழல்முகம்:
தம்பி, அந்தக் காட்சியில் உயிருள்ள எலிகளை நிஜமாகவே கொளுத்தினார்கள். என்னால் பார்க்க முடியவில்லை. நல்ல நடிப்பு என்பதற்காக அதை விட்டுவிடச் சொல்கிறீர்களா?

கரிசல்வாசி:
இல்லை. அது தப்புதான். எந்தக் காலத்திலும் தப்பு.

இரவுக்காட்சி:
எனக்கும் அதில் மாற்றுக் கருத்து இல்லை. நிழல்முகம், உங்களுக்காகவே ஒரு படம் சொல்கிறேன்: 'எல் உவெர்தோ தெல் பிரான்செஸ்', 1978. இன்னொருவரோடு சேர்ந்து எழுதி, தானே இயக்கி நடித்தார். ஓநாயும் இல்லை, எலியும் இல்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தை ஒட்டி, ஸ்பெயினின் செவில்யா மாகாணத்துப் பெஞாஃப்ளோரில் நிஜமாக நடந்த கொலைகள். சூதாட ஆசை காட்டிப் பணக்காரர்களை வரவழைத்து, அடித்துக் கொன்று, தோட்டத்தில் புதைத்தவனின் கதை. தணிக்கை ஒழிந்த நேரத்தில் வந்தது. இங்கே அரக்கன் ஸ்பானிய மண்ணில் தன் சொந்த முகத்தோடு நடமாடுகிறான். பத்து வருஷத்துக்கு முன்னால் எழுத விடாததை மோலினா இதில் எழுதிவிட்டார் என்றே நான் படிக்கிறேன்.

2001இல் அரசு நுண்கலைக்கான தங்கப் பதக்கம் கொடுத்தது, 2009இல் இறந்தார். அந்த மரியாதை ஓநாய் முகமூடிக்கு மட்டும் வந்ததாக நான் நினைக்கவில்லை.

நிழல்முகம்:
இந்தப் படத்தை நான் பார்த்ததில்லை. சனிக்கிழமை பார்த்துவிட்டு எழுதுகிறேன். ஒன்றரை நாள் திரைக்கதை பற்றி நான் சொன்னது அப்படியே நிற்கிறது.