கான்ட்ரா ஹார்ட் மோட் பேட்ச் போட்டா கருப்பு ஸ்கிரீன் தான் வருது, ஹெல்ப் ப்ளீஸ்

பழைய_கேசட்:
வணக்கம் மக்களே. நின்டெண்டோவோட பழைய என்இஎஸ் கன்சோல்ல வந்த கான்ட்ரா கேமை இப்பல்லாம் 3 லைஃப்லயே முடிச்சிடுறேன், இன்னும் கஷ்டமா ஆடலாம்னு ஃபேன்ஸ் பண்ணின ஒரு ஹார்ட் மோட் ஐபிஎஸ் பேட்ச் (கேமை மாத்துற சின்ன ஃபைல்) எடுத்து ரோம்ல (கேசட்ல இருக்கிற கேமோட காப்பி ஃபைல்) போட்டேன், எரர் எதுவும் வரல, ஆனா எமுலேட்டர்ல (பழைய கேமை ஓட்டுற சாஃப்ட்வேர்) ஓப்பன் பண்ணா வெறும் கருப்பு தான். என்கிட்ட இருக்கிறது ஜப்பான் ரோம், அதுல தான் காட்டுல இலை ஆடும், பனி லெவல்ல பனி கொட்டும், அதை விட மனசு வரல. அப்புறம் என் தம்பி 30 லைஃப் கோடு (டைட்டில் ஸ்கிரீன்ல மேல் மேல் கீழ் கீழ் இடது வலது இடது வலது பி ஏ-ன்னு அடிக்கிறது) இல்லாம உக்காரவே மாட்டான், அவனை எப்படி வழிக்கு கொண்டு வர்றது?

பைட்_பாண்டி:
ப்ரோ அந்த பேட்ச் அமெரிக்கா ரோமுக்கு பண்ணினதா இருக்கும், கூட வர்ற ரீட்மீ ஃபைலை பாருங்க. ஜப்பான் கேசட்ல கேமை பண்ணின கொனாமி கம்பெனியோட சொந்த விஆர்சி2 சிப் இருக்கு, அமெரிக்கா கேசட்ல அது கிடையாது, அதனால உள்ள கோடும் டேட்டாவும் இருக்கிற இடமே வேற. ஐபிஎஸ் ஃபைல்ல "இந்த இடத்துல இந்த பைட்டை எழுது"ன்னு மட்டும் தான் இருக்கும், எந்த ரோம்னு அது பாக்கவே பாக்காது, அதான் எரரும் வரல. பிபிஎஸ்ங்கிற இன்னொரு வகை பேட்ச்சா இருந்தா சிஆர்சி32 (ரோம் சரியான ஃபைல் தானான்னு காட்டுற செக் நம்பர்) பாத்து அங்கயே நிறுத்திருக்கும். சரியான ரோம் கிடைச்சும் ஓடலன்னா ஹெட்டர் பாருங்க, ஃபைல் தொடக்கத்துல இருக்கிற அந்த 16 பைட் இருக்கா இல்லையாங்கிறதுல எல்லா இடமும் தள்ளிப் போயிடும். ஒரிஜினலை ஒரு காப்பி எடுத்து வச்சுட்டு அப்புறம் கை வைங்க.

மேல்_மேல்_கீழ்_கீழ்:
தம்பியை ஏன் வழிக்கு கொண்டு வரணும்? அந்த கோடு முதல்ல வந்ததே 1986-ல கொனாமியோட கிரேடியஸ் கேமை ஃபேமிகாமுக்கு (ஜப்பான்ல என்இஎஸ்ஸோட பேரு) மாத்தும்போது, அதை பண்ணின ஹாஷிமோட்டோ கசுஹிசாவுக்கு டெஸ்ட் பண்ண அந்த கேம் ரொம்ப கஷ்டமா இருந்துச்சுன்னு அவரே போட்டுக்கிட்டது. கேமை பண்ணினவரே ஆட முடியலன்னு போட்ட கோடை சின்ன பையன் போட்டா என்ன தப்பு, 30 லைஃப் இருந்தா தான் அவன் கடைசி பாஸையே கண்ணால பாப்பான், ஸ்ப்ரெட் கன் எங்க விழும், எந்த இடத்துல குனியணும் எல்லாம் கை தானா கத்துக்கும். ரெண்டு பேரா ஆட பி, ஏ-க்கு அப்புறம் செலக்ட் அடிச்சு ஸ்டார்ட், ரெண்டு பேருக்குமே 30 வரும்.

ஸ்டேஜ்8:
பேட்ச் கிடைக்கிற வரைக்கும் ஒன்னு பண்ணுங்க தல, முடிச்சதும் ஆஃப் பண்ணாம அப்படியே விடுங்க. திரும்ப முதல் ஸ்டேஜ்ல இருந்து ஆரம்பிக்கும், இந்த தடவை எதிரிங்க இன்னும் டஃப்பா இருப்பாங்க, அது கொனாமியே வச்ச ஹார்ட் மோட், உங்க ஜப்பான் ரோம்லயே பனியோட ஆடலாம்.