லாரி ஜாக்கி, குதிரை ஜாக்கி: இரண்டும் ஆள் பெயரா?

பட்டறைக்காரர்:
நாமக்கல்லில் லாரி பட்டறை வைத்திருக்கிறேன். டயர் கழற்ற ஜாக்கி போடாத நாளே இல்லை. ரேஸ் குதிரை ஓட்டுபவரும் ஜாக்கிதான். இரண்டுமே ஒரு ஆளின் பெயரிலிருந்து வந்தவை என்று கல்லூரியில் படிக்கும் மகள் சொல்கிறாள். உண்மையா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஓய்வு ஆசிரியர்:
மகள் சொன்னது சரி தம்பி. ஜாக் என்பது ஜான் என்ற பெயரின் செல்ல வடிவம். இங்கிலாந்தில் அந்தப் பெயர் அவ்வளவு சாதாரணம் என்பதால், பெயர் தெரியாத எடுபிடி ஆளெல்லாம் ஜாக் ஆனார்கள். அப்புறம் ஆள் செய்த வேலையைச் செய்த கருவிக்கும் அதே பெயர்: பூட்ஸ் கழற்றும் கட்டை, அடுப்பில் இறைச்சிக் கம்பியைச் சுழற்றும் பொறி, உங்கள் லாரியைத் தூக்குவது. உழைத்தவனின் பெயர் கருவியில் நிற்பது எனக்கு மிகவும் பிடித்த விஷயம்.

குதிரை ஜாக்கி, ஜானின் ஸ்காட்லாந்து வடிவத்திலிருந்து வந்தது. பழைய ஆங்கிலப் பேச்சில் குதிரை வியாபாரிக்கும், ஏமாற்றுக்காரனுக்கும்கூட அந்தச் சொல் இருந்தது.

லண்டன்வாசி:
இங்கே போலீஸ்காரரை ‘பாபி’ என்பார்கள். 1829இல் லண்டன் போலீஸை அமைத்த ராபர்ட் பீலின் செல்லப் பெயர் அது. அயர்லாந்தில் ‘பீலர்’ என்றார்கள்.

பட்டறைக்காரர்:
நன்றி ஐயா. பட்டறைப் பையன்களிடம் இன்றே சொல்கிறேன். சீட்டுக்கட்டு ஜாக்கும் இதே ஆள்தானா?

ஓய்வு ஆசிரியர்:
அதே ஆள்தான். ராஜா, ராணிக்குக் கீழே நிற்கும் வேலையாள்.