88 நாளா, 88 பாகையா? ஹியூமன் டிசைன் படத்தை வைத்து முடிவெடுக்கச் சொல்பவர்களுக்கு

கணக்குப்பிள்ளை:
மூன்று நாளாகப் பொறுத்துப் பார்த்தேன், முடியவில்லை. ஹியூமன் டிசைன் என்று, பிறந்த நேரத்தை வைத்துப் படம் போட்டுக் குணமும் வழியும் சொல்லும் ஒரு முறை. அதைப் பற்றி இங்கே மையம்9 என்ற அன்பர் எழுதியது இது: "ஜாதகக் கட்டம் காலாவதியானது. ஹியூமன் டிசைன்தான் விஞ்ஞானம். பிறந்த நேரத்துக்கு ஒரு கணக்கு, பிறப்புக்குச் சரியாக 88 நாள் முன்னால் ஒரு கணக்கு. இரண்டும் சேர்ந்ததுதான் உங்கள் சக்தி வரைபடம். அது கையில் இருந்தால் வேலைக்கோ கல்யாணத்துக்கோ யாரிடமும் யோசனை கேட்க வேண்டியதில்லை."

88 நாள் இல்லை ஐயா. 88 பாகை. பாகை என்றால் டிகிரி, முழுச் சுற்றுக்கு 360. பிறந்தபோது சூரியன் நின்ற இடத்துக்கு 88 பாகை பின்னால் அது எப்போது நின்றதோ, அந்த நேரம். நாளும் பாகையும் ஒன்றென்று நினைப்பவர் அடுத்தவர் கல்யாணத்துக்கு வழி சொல்ல வந்துவிட்டார்.

மையம்9:
வணக்கம் ஐயா. 88 நாள் என்பது எல்லாரும் சொல்வதுதான். ஒரு நாளைக்குச் சூரியன் ஒரு பாகை நகரும் என்று பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். 88 பாகைன்னா 88 நாள். இதில் என்ன பெரிய கண்டுபிடிப்பு? உங்களுக்கு உண்மையான கோபம் ஜாதகத்தைக் காலாவதின்னு சொன்னதில்தான். அதை நேராச் சொல்லிடுங்க.

கணக்குப்பிள்ளை:
ஒரு நாளைக்கு ஒரு பாகை என்றால் 360 நாளில் வருஷம் முடிந்திருக்குமே? உங்கள் வீட்டுக் காலண்டரையே எடுத்துப் பாருங்கள். ஆனி மாதம் 31, 32 நாள் ஓடுகிறது. மார்கழி 29, 30-இல் முடிந்துவிடுகிறது. இரண்டிலும் சூரியன் கடப்பது அதே 30 பாகைதான். ஜனவரித் தொடக்கத்தில் பூமி சூரியனுக்குப் பக்கத்தில் வேகமாக ஓடுகிறது, ஜூலையில் தூரத்தில் மெதுவாகப் போகிறது. அதனால் பங்குனி முதல் வாரத்தில் பிறந்தவருக்கு 88 பாகை என்பது ஏறக்குறைய 87 நாள். புரட்டாசி முதல் வாரத்தில் பிறந்தவருக்குச் சுமார் 91½ நாள். மூன்றரை நாள் வித்தியாசத்தில் சந்திரன் 45 பாகை தாண்டிவிடும். அந்த 360 பாகையை உங்கள் முறையில் 64 வாசலாகப் பிரிக்கிறீர்களே, அதில் எட்டு வாசல் தள்ளிப் போய்விடும். அப்புறம் படத்தில் உடம்புக்குள் காட்டும் ஒன்பது மையங்களில் எந்த மையம் நிறைந்தது, எந்த மையம் காலி என்று எதை வைத்துச் சொல்வீர்கள்?

செல்வி_தி:
அண்ணா, ஐயா, குறுக்கே வர்றதுக்கு மன்னிக்கணும். என் தங்கச்சிக்காகத்தான் கேக்குறேன். புனேல ஒரு வேலை வந்திருக்கு, வெள்ளிக்கிழமை சாயந்திரத்துக்குள்ள பதில் சொல்லணும். ஒருத்தர்கிட்ட 4,500 ரூபாய் குடுத்துப் படம் பார்த்தோம். அவளுக்கு 'எமோஷனல் அத்தாரிட்டி'யாம், மனசு ஏறி இறங்கி அடங்குற வரைக்கும் முடிவு எடுக்கக் கூடாதாம். அடங்க எத்தனை நாள்னு கேட்டா சொல்ல முடியாதுங்கிறார். இதை நம்பிக் காத்திருக்கலாமா?

மையம்9:
சகோதரி, சரியாத்தான் சொல்லியிருக்கார். சோலார் பிளெக்ஸஸ்ங்கிற உணர்ச்சி மையம் நிறம் போட்டு வந்தா அவங்களுக்கு 'இந்த நிமிஷத்து உண்மை'ன்னு ஒண்ணு கிடையாது. இன்னைக்கு ஆசையா இருக்கும், நாளைக்கு வேணாம்னு தோணும். பல தடவை கேட்டும் அதே பதில் வந்தாத்தான் அது பதில். சேக்ரல் அத்தாரிட்டி உள்ளவங்க மாதிரி 'ம்', 'ம்ஹூம்'னு வயித்திலேருந்து உடனே வராது. கம்பெனியிடம் அவகாசம் கேளுங்க.

கணக்குப்பிள்ளை:
அம்மா, தங்கை பிறந்த மாதம் என்ன? புரட்டாசி என்றால் அந்த 4,500 ரூபாய்ப் படம் 88 நாள் கணக்கா, 88 பாகைக் கணக்கா என்று முதலில் கேளுங்கள். அதற்குப் பிறகுதான் எமோஷனலா வேறா என்று பேச முடியும்.

ஒளியாண்டு:
நாள், பாகை இரண்டையும் ஓரமாக வையுங்கள். இது விஞ்ஞானம் என்று எப்படிச் சொல்கிறார்கள்? இதை உண்டாக்கியவர் கனடாக்காரர், ஆலன் ராபர்ட் கிராகோவர். 1987 ஜனவரியில் ஸ்பெயினின் இபிசா தீவில் எட்டு நாள் ஒரு குரல் பேசியது என்றார், ரா உரு ஹு என்று பெயர் வைத்துக்கொண்டார், 2011-இல் காலமானார். சீனத்து ஈ சிங் என்ற ஆரூட நூலின் 64 குறிகள், யூதர்களின் மறைஞானமான கபாலாவின் மரம், நம் சக்கரங்கள், மேற்கத்திய ஜோதிடம், எல்லாம் ஒரே படத்தில். ஒட்டுவதற்குப் பசையாக நியூட்ரினோ என்ற மிக நுண்ணிய துகள். கிரகத்தைத் தாண்டி வரும் நியூட்ரினோ நம் உடம்பில் தகவல் எழுதுகிறதாம். சூரியனிலிருந்து ஒரு சதுர சென்டிமீட்டருக்கு நொடிக்கு 6,500 கோடி நியூட்ரினோ வருகிறது. ஏறக்குறைய எதிலும் முட்டாமல் பூமியையே துளைத்துப் போகிறது. முட்டாததால்தான் அதைப் பிடிக்க அத்தனை பாடு.

மையம்9:
நியூட்ரினோவுக்கு நிறை உண்டுன்னு ரா முன்னாடியே சொன்னார், விஞ்ஞானிகள் பிறகுதான் ஒத்துக்கிட்டாங்க. ஜப்பான்ல 1998-ல நிரூபிச்சாங்க, 2015-ல நோபல் குடுத்தாங்க. 1987-லயே சூப்பர்நோவான்னு ஒரு நட்சத்திரம் வெடிச்சு நம்ம எல்லார் உடம்பிலும் நியூட்ரினோ மழை பெஞ்சது. இது தற்செயலா?

ஒளியாண்டு:
நியூட்ரினோவுக்கு நிறை இருக்கலாம் என்பதை இயற்பியலாளர்கள் 1950-களிலிருந்தே பேசிவந்தார்கள். சூப்பர்நோவா 1987ஏ தெரிந்தது பிப்ரவரி 23, 24-இல். உங்கள் குரல் ஜனவரியிலேயே பேசி முடித்துவிட்டது. உலகத்தின் மூன்று கருவிகளும் சேர்ந்து பிடித்த நியூட்ரினோ இரண்டு டஜன் சொச்சம். அத்தனை பெரிய தொட்டிகளில் சிக்கியதே அவ்வளவுதான் என்றால் நம் வயிற்றில் எது எழுதிவிட்டுப் போகும்? இந்தியாவிலேயே 1965-இல் கோலார் தங்கச் சுரங்கத்தின் அடியில் போய்த்தான் வளிமண்டல நியூட்ரினோவைக் கண்டார்கள்.

போடிக்காரன்:
நியூட்ரினோ பேச்சு வந்ததால வரேன். எங்க தேனிப் பக்கத்துப் பொட்டிப்புரத்துல மலையக் குடஞ்சு நியூட்ரினோ ஆய்வுக்கூடம் கட்டறோம்னு வந்தப்ப இதே மாதிரிதான் 'எதையும் தொடாம போயிரும்'னு சொன்னாங்க. நியூட்ரினோ தொடாது சரி, வெடி மலையத் தொடுமா தொடாதா? ஒளியாண்டு அன்னைக்கு எங்களைப் பாமரன்னு எழுதினாரு. அதை நான் மறக்கல.

ஒளியாண்டு:
பாமரன் என்று எழுதவில்லை, கதிர்வீச்சுப் பயம் பாமரத்தனமானது என்று எழுதினேன். வெடி, தண்ணீர், காடு பற்றிய உங்கள் கவலையை அன்றும் மறுக்கவில்லை.

போடிக்காரன்:
ரெண்டும் ஒண்ணுதான். முதுமலைப் புலிக்காக 2009-ல, முதல்ல பார்த்த நீலகிரிச் சிங்காராவ விட்டுட்டுத்தானே எங்க பக்கம் வந்தீங்க? எங்க ஆட்டுக்கும் மாட்டுக்கும் யாரு கேட்டா?

கணக்குப்பிள்ளை:
தேனி மலைக்குத் தனி இழை இருக்கிறது, அங்கே போங்கள். நான் கேட்டதற்கு மையம்9 இன்னும் பதில் சொல்லவில்லை. 88 நாளா, 88 பாகையா?

நல்லூர்க்காரன்:
நாளும் பாகையும் இருக்கட்டும், நேரத்துக்கு என்ன செய்யப் போறியள்? இலங்கையில 1996 மே மாசம் மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளினவை, ஒக்டோபரில அரை மணித்தியாலம் பின்னுக்கு எடுத்தவை, 2006 ஏப்ரலில்தான் பழைய நேரத்துக்கு வந்தது. புலிகள் இயக்கத்தின்ர பகுதியில பழைய நேரமே ஓடினது. என்ர தங்கச்சி 1999இல வன்னியில பிறந்தவ. இணையத்தில போட்டா அது கொழும்பு நேரமெண்டு எடுத்துக் கணிக்குது. ஒருக்கா ஒரு படம், அரை மணித்தியாலம் மாத்திப் போட்டா வேற படம். இதில எந்த அவவின்ர குணத்தை நம்புறது?

மையம்9:
அரை மணி நேரத்துல பெரிசா எதுவும் மாறாது அண்ணா. இதுல லக்னமே கிடையாது.

நல்லூர்க்காரன்:
மாறினபடியால்தான் கேக்கிறன். நான் ரெண்டு படத்தையும் கண்ணால பாத்தனான். மாறாது எண்டு நீங்கள் எப்பிடிச் சொல்லுவியள்?

கணக்குப்பிள்ளை:
லக்னம் இல்லை என்பது சரி. ஆனால் ஒவ்வொரு வாசலையும் ஆறு கோடாகப் பிரிக்கிறீர்கள், சந்திரன் ஒன்றே முக்கால் மணிக்கு ஒரு கோடு மாறும். எல்லையில் நின்றால் அரை மணியே போதும். நல்லூர்க்காரன் பார்த்தது உண்மைதான். சூரியன் ஏறக்குறைய 23 மணி நேரத்துக்கு ஒரு கோடு மாறும், அதைக் கொண்டுதான் நீங்கள் '1/3', '4/6' என்று புரொஃபைல் சொல்கிறீர்கள்: முதல் எண் பிறந்த நேரச் சூரியனின் கோடு, இரண்டாவது 88 பாகை முந்தைய சூரியனின் கோடு.

இப்போது நிதானமாகப் படியுங்கள், இரவு முழுக்க உட்கார்ந்து போட்ட கணக்கு. 64 வாசல், வாசலுக்கு ஆறு கோடு, மொத்தம் 384. ஒரு கோட்டுக்கு 0.9375 பாகை. 88-ஐ அதால் வகுத்தால் 93.87 கோடு. ஆறு ஆறாகக் கழித்தால் மிச்சம் 3.87. அதாவது பிறந்தபோது சூரியன் நின்ற கோட்டிலிருந்து மூன்றோ நான்கோ கோடு பின்னால்தான் அந்த முந்தைய கணக்கின் சூரியன் (படத்தில் சிவப்புப் பக்கம்) நிற்க முடியும். ஒன்றாம் கோட்டுக்காரருக்கு 1/3 அல்லது 1/4 மட்டும்தான் வரும். ஆறு கோட்டுக்கும் இரண்டிரண்டு, ஆகப் பன்னிரண்டு. உங்கள் ரா சொன்ன புரொஃபைலும் அதே பன்னிரண்டுதான்! பாகையில் போட்டால்தான் இந்தப் பன்னிரண்டு வரும். 88 நாள் என்று போட்டால் புரட்டாசிக்காரருக்கு 3/3 வரும். உங்கள் முறையிலேயே 3/3 என்று ஒன்று உண்டா? சொல்லுங்கள்.

சிவநெறி:
கணக்குப்பிள்ளை ஐயாவுக்கு ஒரு கேள்வி. நம் ஜாதகத்திலும் 'கர்ப்பச் செல் நீக்கி' என்று எழுதுகிறார்களே, அதுவும் கருவிலிருந்த காலத்தைத்தானே சொல்கிறது? அதைத்தான் இவர்கள் 88 என்று எடுத்துப் போயிருக்கிறார்கள். சக்கரமும் அப்படித்தான். திருமூலர் சொன்ன ஆறு ஆதாரத்தை ஒன்பதாக நீட்டிவிட்டார்கள்.

கணக்குப்பிள்ளை:
தவறு. கர்ப்பச் செல் என்பது கருவில் கழிந்த மாதம் அல்ல. பிறக்கும்போது சந்திரன் அந்த நட்சத்திரத்தில் எவ்வளவு தூரம் கடந்துவிட்டானோ, அந்தப் பங்குக்குக் கிரக திசையின் வருஷங்களைக் கழிப்பது. போன வருஷம் வாக்கியப் பஞ்சாங்கமா திருக்கணிதப் பஞ்சாங்கமா என்ற சண்டையிலும் நீங்கள் இப்படித்தான் பாதி படித்துவிட்டு வந்தீர்கள்.

சிவநெறி:
போன வருஷம் நீங்கள் பதில் சொல்ல முடியாமல் நாலு நாள் காணாமல் போனதையும் எல்லாரும் பார்த்தோம்.

கணக்குப்பிள்ளை:
என் அக்கா வீட்டுக் காரியம். அதை இங்கே இழுக்காதீர்கள்.

மையம்9:
ஆறு ஆதாரம் பழைய மனுஷனுக்கு. 1781-லேருந்து மனுஷன் ஒன்பது மைய மனுஷன் ஆயிட்டான்னு ரா சொல்லியிருக்கார். யுரேனஸ் கண்டுபிடிச்ச அதே வருஷம். கணக்குப்பிள்ளை ஐயாவுக்கு ஒண்ணு சொல்றேன். உங்க பதிவு பூரா கோபம்தான். அது எங்க முறையில மேனிஃபெஸ்டர்ங்கிற வகை ஆளோட அடையாளம். எதையும் முன்கூட்டியே சொல்லிட்டுச் செய்யாததால வர்ற கோபம். உங்க பிறந்த நேரம் குடுங்க, இலவசமாவே பார்த்துச் சொல்றேன். நான் புரொஜெக்டர்ங்கிற வகை, மத்தவங்களைப் படிக்கிறதுதான் என் இயல்பு. மூணு வருஷமா இந்தப் படத்தோட வாழ்ந்து பார்த்திருக்கேன். தூக்கம் வருது, வீட்டில் சண்டை இல்லை. அதை உங்க வகுத்தல் கணக்கு எடுத்துடாது.

கணக்குப்பிள்ளை:
புரொஜெக்டர் என்றால் அழைப்பு வரும்வரை காத்திருக்க வேண்டும் என்பது உங்கள் சட்டம். யாரும் அழைக்காமலே மூன்று நாளாக ஊருக்கெல்லாம் வழி சொல்கிறீர்கள். என் பிறந்த நேரம் எதற்கு? 3/3 உண்டா இல்லையா?

மையம்9:
உங்களுக்குத் தூக்கம் வருதா ஐயா?

செல்வி_தி:
கம்பெனிக்குப் ஃபோன் பண்ணினோம். திங்கள் காலை பத்து மணி வரைக்கும்தான் நேரம் குடுத்திருக்காங்க. தங்கச்சி நேத்து போறேன்னா, இன்னைக்கு அழுறா. அப்பாவுக்கு டயாலிசிஸ், அவளை விட்டா வாரம் ரெண்டு தடவை கூட்டிட்டுப் போக ஆள் இல்ல. அது எந்தப் படத்துலயும் இல்ல. அவ பிறந்தது ஆவணி 28, காலை 6.10. யாராவது நிதானமா ஒரு வார்த்தை சொல்லுங்க.

ஒளியாண்டு:
சகோதரி, அப்பாவை யார் பார்த்துக்கொள்வது என்பதுதான் உங்கள் கேள்வி. அதற்குப் படம் வேண்டாம். அக்கம்பக்கத்தில், உறவில் யார் உண்டு என்று உட்கார்ந்து எழுதுங்கள். வாரம் இரண்டு நாளுக்கு வண்டி வைத்தால் என்ன செலவாகும் என்றும் பாருங்கள்.

மையம்9:
அழுகை வர்றதே அலை இறங்குதுன்னு அர்த்தம். இறங்குற நேரத்துல வேணாம்னு எழுதிடாதீங்க, ஏறுற நேரத்துல சரின்னும் எழுதிடாதீங்க.

போடிக்காரன்:
அப்ப எப்பத்தான்யா எழுதுறது? திங்க காலைல பத்து மணிக்கு அலை நிக்குமா?

கணக்குப்பிள்ளை:
ஆவணி 28 என்றால் செப்டம்பர் 13-ஐ ஒட்டி. 88 பாகை பின்னால் போனால் ஜூன் 13 வாக்கில் வரும். 88 நாள் என்றால் ஜூன் 17. பார்த்தீர்களா, நான் சொன்ன இடத்திலேயே வந்து நிற்கிறது! அம்மா, வருஷத்தையும் போடுங்கள், இரண்டு கணக்கையும் போட்டுக் காட்டுகிறேன். சோலார் பிளெக்ஸஸ் அந்த நான்கு நாளில் மாறியிருக்கிறதா என்று எல்லாரும் பார்க்கட்டும்.

மையம்9:
எங்க வகுப்புல 88 நாள்னுதான் எழுதிக் குடுத்தாங்க. சாஃப்ட்வேர் அதுவாவே சரியாப் போட்டுக்கும். படம் சரியா வந்தாப் போதாதா?

கணக்குப்பிள்ளை:
சாஃப்ட்வேர் பாகையில் போடுகிறது, நீங்கள் நாளில் பேசுகிறீர்கள். ஒத்துக்கொண்டீர்களா?

மையம்9:
ஒத்துக்கல. 88 நாள்தான். தோராயமா.

கணக்குப்பிள்ளை:
முதல் நாள் 'சரியாக' என்று எழுதினீர்கள். இப்போது தோராயம்!

சிவநெறி:
கர்ப்பச் செல்லுக்கு நீங்கள் சொன்ன விளக்கத்துக்கு எங்கள் ஊர் ஜோதிடர் சம்மதிக்கவில்லை. நாளை அவர் எழுதித் தந்ததைப் போடுகிறேன்.

கணக்குப்பிள்ளை:
போடுங்கள். அதற்கும் பதில் இருக்கிறது. மையம்9, அந்த வகுப்பு நோட்டின் பக்கத்தைப் படம் எடுத்துப் போடுங்கள்.